எண்ணா நாள்

எங்கள் நாட்டில் செவ்வாய்க்கிழமை கிடையாது. ராகு காலம், எமகண்டம், சூலம், சந்திராஷ்டமம் எதுவும் கிடையாது. ஆடி மாதமே இல்லாததால் புதுப்பெண்ணைத் தாய் வீட்டுக்குப் பிரித்து அனுப்பும் வேலையும் இல்லை. இப்படி ஒரு நாடு பூமியில் எங்கும் இல்லை என்பதால்தான் நானும் என் தம்பியும் சேர்ந்து அதைச் செய்துகொண்டோம்.

நான் கைப்பேசியில் தொடர்கதை எழுதுகிறவள். திருக்கோகர்ணத்தில் எங்களுடையது மாடி வீடு. கணவர் ஆபீசுக்கும் மகள் ஸ்கூலுக்கும் போன பிறகு, சமையல் மேடையில் போனைச் சாய்த்து வைத்துக்கொண்டு எழுதுவேன். கதை படிக்கும் ஆப் ஒன்றில் வாராவாரம் அத்தியாயம் போகும். மந்திரம், அரியணை, கடலுக்கு அந்தப் பக்கம் ஒரு பொல்லாத ராணி, வானத்தில் இரண்டு நிலா என்று எல்லாம் உண்டு. இதற்குப் படிக்க ஆள் இருக்கிறார்களா என்று என் மாமியார் வருகிறவர்களிடமெல்லாம் கேட்பார். இருக்கிறார்கள். அவர் வயதுக்காரர்களே நிறைய இருக்கிறார்கள். அதைச் சொன்னால் நம்பமாட்டார் என்பதால் சொல்வதில்லை.

முதல் சில அத்தியாயங்களில் காலண்டர் என்று ஒன்றும் இல்லை. "மூன்று மாதம் கழித்து" என்று மனம்போன போக்கில் எழுதிக்கொண்டிருந்தேன். தம்பிதான் போன் போட்டுப் பிடித்துக்கொண்டான்.

"அக்கா, ரெண்டு நெலாங்குற. அப்புறம் மாசம் மட்டும் எப்படிக்கா நம்ம மாசமா இருக்கும்? ரெண்டும் ஒரே பக்கம் நின்னா கடல் ஏறி அரமனைக்குள்ள வந்துரும். அதெல்லாம் யோசிச்சியா?"

யோசிக்கவில்லை. அவன் யோசித்திருந்தான். என்னைவிடச் சின்னவன், பாலிடெக்னிக்கில் மெக்கானிக்கல் படித்தவன். வெளியூர்க் கம்பெனியில் ஒப்பந்த வேலைக்குப் போனான். ஒப்பந்தம் முடிந்ததும் கைகுலுக்கி அனுப்பிவிட்டார்கள். திரும்பி வந்தவன் ஜெகதாப்பட்டினத்தில் எங்கள் அப்பா போன வழியிலேயே விசைப்படகில் ஏறினான். அப்பா அப்போது உயிரோடு இல்லை. இருந்திருந்தால் ஏறவிட்டிருக்கமாட்டார்.

எங்கள் கரையில் விசைப்படகு நினைத்த நாளில் கடலுக்குப் போய்விட முடியாது. வாரத்தில் சில நாள் விசைப்படகுக்கு, மற்ற நாள் நாட்டுப்படகுக்கு. டோக்கன் வாங்கித்தான் போக வேண்டும். அதனால் எங்கள் ஊர் வீடுகளில் திங்கள், புதன் என்பதெல்லாம் பேருக்குத்தான். கடல் நாள், கரை நாள் என்று இரண்டே கிழமைதான் உண்மையில் உண்டு. தம்பி அதை அப்படியே தூக்கி எங்கள் நாட்டில் வைத்தான். மாதங்களுக்குக் காற்றின் பெயரை வைத்தோம். வாடை, கொண்டல், கச்சான், சோழகம். வருடப் பிறப்பு எப்போது என்று கேட்டேன். மீன்பிடித் தடைக்காலம் முடிந்து படகுகள் முதல் தடவை கிளம்பும் நாள்தான் வருடப் பிறப்பு, அன்றைக்கு இருக்கிற சந்தோஷம் சித்திரை ஒன்றாம் தேதி யாருக்கு இருக்கிறது என்றான். இரண்டு நிலாவும் இல்லாத ராத்திரிக்கு 'முழு இருட்டு' என்று பெயர். அன்றைக்குத்தான் வலை நிறையும் என்பதால் அதுதான் எங்கள் நாட்டில் பண்டிகை.

கரை நாட்களில்தான் அவன் பேசுவான். ஐஸ் உடைக்கிற இடத்தில் நின்றுகொண்டு கத்திப் பேசுவான். நான் இங்கே புளி கரைத்துக்கொண்டே கேட்பேன். என் கணவர் ஆபீசிலிருந்து வந்ததும், "உங்க நாட்டுல இன்னைக்கு என்ன கிழமை?" என்பார். "கரை நாள்" என்பேன். "அப்ப மீன் கெடையாதா?" என்பார். சிரிப்போம். சிரிக்கிற மாதிரிதான் இருந்தது அப்போது.

கதையில் மூத்த இளவரசனை அந்தக் கரை ராணி சிறைபிடித்துவிடுவாள். பல காலம் கழித்து அவன் திரும்பி வந்ததும் அரியணை யாருக்கு என்று சண்டை வரவேண்டும். ஆனால் மூத்தவனுக்குத்தானே பட்டம், அதில் சண்டைக்கு என்ன இருக்கிறது என்று நான் முட்டிக்கொண்டு நின்றேன். தம்பியிடம் சொன்னேன். ஐஸ் மிஷின் இரைச்சலுக்கு நடுவில் அவன் சிரித்துக்கொண்டே கத்தினான்.

"நம்ம காலண்டர்ல ஒரு சட்டம் போட்ருவோம்க்கா. பிடிபட்டவனுக்கு உள்ள இருக்கிற நாளெல்லாம் எண்ணா நாள். வயசுல சேராது. எத்தன வருசம் இருந்தாலும் போன வயசுலதான் வருவான். அப்ப தம்பிக்காரன் அண்ணனாயிருவான், அண்ணன் தம்பியாயிருவான். இப்பப் பாரு சண்டய."

எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. அன்றே எழுதிப் போட்டேன். வாசகர்கள் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடினார்கள். "அக்கா, எண்ணா நாள் எங்களுக்கும் வேணும், மாமியார் வீட்டுல இருந்த வருசத்தையெல்லாம் கழிச்சிரலாம்" என்று ஒரு பெண் எழுதியிருந்தாள். அதற்கு இதயக் குறி போட்டவர்கள் ஏராளம். நானும் போட்டேன்.

அதற்குப் பிறகு ஒரு கடல் நாளில் தம்பி போன படகு திரும்பவில்லை.

எல்லை தாண்டியதாகச் சொல்லி அந்தக் கரைக் கடற்படை படகோடு பிடித்துப் போய்விட்டது. எங்கள் ஊருக்கு இது புதிதல்ல. செய்தி வந்தால் தெருவில் யார் வீட்டிலும் ஓலம் கேட்காது. போன் எண்ணைத் தேடுவார்கள், சங்கத்துக்கு ஓடுவார்கள், மனு கொடுப்பார்கள். நான் பஸ் பிடித்துப் போய்ச் சேர்ந்தபோது அம்மா உலை வைத்துக்கொண்டிருந்தாள். சுவரில் அரிசி மண்டிக்காரர் கொடுத்த தினசரி காலண்டர் தொங்கியது. அன்றைய தாளில் தம்பியின் ராசிக்கு நேரே 'லாபம்' என்று போட்டிருந்தது. நான் அந்தத் தாளை மட்டும் இல்லை, கைக்கு வந்த அத்தனையையும் கிழித்தேன். "நாள்கெழம பாக்கணும், ஏன்டி கிழிக்கிற?" என்று அம்மா கத்தினாள். வேறு காலண்டர் வாங்கிக்கொள் என்றேன். மறுநாளே வாங்கி மாட்டிவிட்டாள்.

அதன் பிறகு எங்களுக்குக் கடல் நாளும் இல்லை, கரை நாளும் இல்லை. வாய்தா நாள் மட்டும்தான். அந்தக் கரைக் கோர்ட்டில் இரண்டு வாரத்துக்கு ஒரு தடவை நிறுத்துவார்கள், மறுபடி இரண்டு வாரம் என்பார்கள். தெருப் பெண்கள் அம்மாவைப் பார்த்தால் முதலில் "அடுத்த வாய்தா எப்ப?" என்றுதான் கேட்டார்கள். ரேஷன் எப்போது வாங்குவது, என் மகளுக்குக் காது குத்துவது எப்போது, எல்லாமே வாய்தாவுக்கு முன்னாலா பின்னாலா என்றுதான் பேச்சு. நாங்கள் இரண்டு பேர் மெனக்கெட்டுச் செய்த காலண்டரைவிட இது சுலபமாக ஊரில் பரவியிருந்தது.

படகில் போனவர்கள் ஒரு நாள் விடுதலையாகி விமானத்தில் சென்னைக்கு வந்து இறங்கினார்கள். அங்கிருந்து வேனில் வந்தார்கள். வேனிலிருந்து தம்பி இறங்கவில்லை.

வலை இழுக்கிற ஆளாகத்தான் அவன் போனான். படகை ஓட்டுகிறவரை எங்கள் ஊரில் டிரைவர் என்போம். அந்த டிரைவர் அம்மாவுக்கு ஒன்றுவிட்ட அண்ணன், எங்களுக்கு மாமா முறை. அவர் ஏற்கெனவே ஒரு தடவை பிடிபட்டு, மறுபடி வந்தால் வருடக்கணக்கில் உள்ளே என்று எச்சரித்து விடப்பட்டவர். ரோந்துக் கப்பல் நெருங்கியதும் தம்பியைக் கூப்பிட்டு, "டிரைவர் நீதான்னு சொல்லிருடா. ஒனக்கு முதல் தடவ, விட்டுருவாய்ங்க" என்றிருக்கிறார். எங்கள் கரையில் இது ஒரு வழக்கம் மாதிரி. முன்பு பிடிபடாத ஒருவனை டிரைவர் என்று காட்டினால் எல்லோருமே சேர்ந்து சீக்கிரம் வந்துவிடலாம் என்பது கணக்கு. முன்பு அப்படி நடந்தும் இருக்கிறது. இந்தத் தடவை கோர்ட் அந்தக் கணக்கை மதிக்கவில்லை. மற்றவர்களை எச்சரித்து அனுப்பிவிட்டு, ஓட்டியவனுக்கு மட்டும் முதல் தடவை என்றும் பார்க்காமல் ஆறு மாதம் போட்டுவிட்டது. தம்பியும் கடைசிவரை மாற்றிச் சொல்லவில்லை.

இதை யாரும் ரகசியமாகக்கூட வைத்துக்கொள்ளவில்லை. வேனில் வந்தவர்களே சொன்னார்கள், மழை பெய்தது என்று சொல்கிற மாதிரி.

டிரைவர் மாமா மூன்றாம் நாள் வந்தார். கையில் ஆப்பிளும் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டிலும் இருந்தன. நான் வாசலிலேயே நின்றேன். அம்மா என்னைத் தாண்டி, "வாங்கண்ணே, உள்ள வாங்க" என்றாள்.

"நான் கெட்ட நெனப்புல சொல்லல தங்கச்சி" என்றார். "முதல் தடவன்னா விட்டுருவாய்ங்கன்னுதான் சொன்னேன். நான் மாட்டியிருந்தா அம்புட்டுத்தான். வீட்ல மூணும் பொட்டப்புள்ள."

"என் தம்பிக்கு யாரு மாமா இருக்கா?" என்றேன்.

"அவனுக்கு என்னத்தா, கல்யாணமா காச்சியா. ஒண்டிக்கட்ட. இந்தா அந்தான்னு போயிரும் ஆறு மாசம்."

அவர் கெட்டவர் இல்லை. அது தெரிந்ததால் என் கோபம் குறைந்துவிடவில்லை, இன்னும் கூடத்தான் செய்தது. கெட்டவராக இருந்தால் நாலு வார்த்தை கேட்டுவிட்டு மனம் ஆறியிருக்கும். அம்மா டீ போட்டுக் கொடுத்தாள். அவர் போன பிறகு, இந்த ஆளுக்கு எதற்கு டீ என்று கேட்டேன். "நாளைக்கு அவரு போட்டுலதான்டி அவன் போகணும்" என்றாள். மறுநாள் அந்த ஹார்லிக்ஸைப் பிரித்துக் கலக்கி எனக்கும் ஒரு டம்ளர் கொடுத்தாள். குடித்தேன். அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு ஆத்திரம்தான் வருகிறது.

இங்கே திருக்கோகர்ணத்துக்குத் திரும்பியதும் தொடர்கதையை நிறுத்திவிடத்தான் நினைத்தேன். ஆப் நிறுவனத்திலிருந்து ஒரு பையன் போன் செய்தான். குரலில் அவ்வளவு உற்சாகம். "மேம், இளவரசன் ஜெயிலுக்குப் போய் ரொம்ப நாளாச்சு. தீபாவளிக்கு ரிலீஸ் பண்ணிரலாமா? ரீடர்ஸ் எல்லாம் வெயிட்டிங்."

"அது என் கையில இல்ல தம்பி" என்றேன்.

நான் தமாஷ் செய்வதாக நினைத்து அவன் நெடுநேரம் சிரித்தான். எனக்கும் சிரிப்பு வந்தது. போனை வைத்துவிட்டு பாத்ரூமுக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். பிறகு இளவரசன் பக்கமே போகாமல், அவன் வருகைக்காகக் காத்திருக்கும் சமையல்காரிகளைப் பற்றி அத்தியாயம் அத்தியாயமாக எழுதினேன். கதை நகரவே இல்லை என்று திட்டினார்கள். திட்டட்டும் என்று விட்டுவிட்டேன்.

தம்பி வந்தான். இப்போது அவன் வந்து ஓராண்டு ஆகப்போகிறது. மெலிந்துபோய், பேச்சைக் குறைத்துக்கொண்டு வந்தான். ஊர்க்காரர்கள் மாலை போட்டார்கள், போட்டோ எடுத்தார்கள். டிரைவர் மாமாவும் ஒரு மாலை போட்டார். கடலுக்குப் போகமாட்டேன் என்று ஒரே சொல்லாகச் சொல்லிவிட்டான். இன்வெர்ட்டர், பேட்டரி விற்கிற கடையொன்றில் சர்வீஸ் வேலைக்குச் சேர்ந்தான். காலண்டர் பற்றி அவன் பேசவில்லை, நானும் பேசவில்லை. கதை படிக்கிறாயா என்று கேட்கக்கூட எனக்குத் தைரியம் வரவில்லை.

அம்மாவுக்கு அவனுக்குக் கல்யாணம் செய்துவிட வேண்டும் என்று ஒரே நினைப்பு. எங்கள் கரையில் உள்ளே போய் வந்ததை யாரும் குறையாகச் சொல்லமாட்டார்கள். ஆனால் கடலை விட்டவனுக்குக் கரைப் பெண் எதற்கு என்று அம்மா கடலோரம் இல்லாத ஊர்களில் தேடினாள். நார்த்தாமலைக்குப் பக்கத்தில் ஒரு விவசாயக் குடும்பம், பெண் பி.எஸ்சி. முடித்தவள், தூரத்துச் சொந்தம் வழியாக வந்தது. அங்கேதான் வந்தது வினை. ஜெயில் என்று கேட்டால் அவர்கள் கடலா, எல்லையா என்றெல்லாம் விசாரிக்கமாட்டார்கள், பேச்சையே முறித்துவிடுவார்கள் என்று அம்மாவுக்குப் பயம்.

பெண் பார்க்கக் கிளம்புகிற அன்று எங்கள் வீட்டுக்கு வந்து, தம்பி எதிரிலேயே என்னிடம் சொன்னாள். "கேட்டா ஓமன்ல இருந்தான்னு சொல்லு. வயசு இருபத்தேழுன்னு சொல்லு. உள்ள கெடந்தத எல்லாம் கணக்குல சேக்காத."

அம்மா என் கதையில் ஒரு வரிகூடப் படித்ததில்லை. அவளுக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும். நான் தம்பியைப் பார்த்தேன். அவன் சட்டைக் கையை மடித்துக்கொண்டிருந்தான், மடித்ததை அவிழ்த்துவிட்டு மறுபடி மடித்தான்.

பெண் வீட்டில் நல்ல மனிதர்கள். கேசரி, பஜ்ஜி, ஃபேன் காற்று எங்கள் பக்கம் வரும்படி திருப்பி வைத்தார்கள். தம்பி ஓமனில் இருந்ததாக அம்மா சொல்லிவைத்தாள். பெண்ணின் சித்தப்பாவோ பல வருடம் அங்கேயே மஸ்கட்டில் இருந்தவராம்.

"தம்பி, நீங்க எந்த ஏரியாங்க?" என்று ஆசையாகக் கேட்டார்.

தம்பி தடுமாறவே இல்லை. "ஏரியால்லாம் தெரியாதுங்க. கொண்டுபோய் விட்டதோட சரி, வெளிய விடமாட்டாங்க. ஒரே ரூம்புல நெறைய பேரு. அவங்க குடுக்கிறதுதான் சாப்பாடு. போன் எப்பவாச்சும் தருவாங்க."

"அதேதான்" என்று சித்தப்பா தொடையில் தட்டிக்கொண்டார். "கேம்ப் வாழ்க்கைன்னா ஜெயிலுதான் தம்பி. பாக்கிறவங்களுக்கு என்ன தெரியும்?"

"ஆமாங்க" என்றான். "ஜெயிலுதான்."

அம்மாவின் கையில் இருந்த காபி டம்ளர் வாய்க்குப் போகாமல் அப்படியே நின்றது. பெண் நிமிர்ந்து அவனை ஒரு தடவை பார்த்தாள். அவளுக்கு அவனைப் பிடித்துப்போனது என்று அப்போதே தெரிந்தது. எனக்கோ அந்த இடத்திலேயே எழுந்து, இவன் எந்த ஓமனுக்கும் போகவில்லை, இன்னொருத்தருக்காக உள்ளே இருந்தான், இதில் மறைக்க என்ன இருக்கிறது என்று கத்த வேண்டும்போல இருந்தது. கத்தவில்லை. கேசரி நன்றாக இருக்கிறது என்றேன். வயது கேட்டார்கள். இருபத்தேழு என்றாள் அம்மா.

திரும்பும்போது பஸ்ஸில் கூட்டம். அம்மாவுக்கு முன்னால் பெண்கள் சீட்டில் இடம் கிடைத்துவிட்டது. அவள் பக்கத்தில் இருந்தவளிடம், சம்பந்தம் படிந்துவிடும்போல என்று அதற்குள் சொல்ல ஆரம்பித்திருந்தாள். நானும் தம்பியும் பின்னால் இருந்தோம். அவன் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே கேட்டான்.

"அக்கா, அந்த எண்ணா நாள் சட்டம் இன்னும் இருக்கா?"

"இருக்குடா. நீ சொன்னதுதானே."

"தூக்கிரு."

"எளவரசன் இன்னும் திரும்பி வரலடா. அத வச்சுத்தான் மிச்சக் கதையே. படிக்கிறவங்களுக்கும் அதுதான் ரொம்பப் பிடிச்சது."

"பிடிக்கும். வெளிய இருக்கிறவங்களுக்குப் பிடிக்கும்." என்றான். "நாந்தான் சொன்னேன். தெரியாமச் சொல்லிட்டேன்க்கா. உள்ள எண்ணுறதத் தவிர வேற வேலையே இல்ல. காலைல வரிசைல நிப்பாட்டி எங்கள எண்ணுவாங்க. சாயங்காலம் பூட்டுறப்ப எண்ணுவாங்க. நடுவுல நாங்க நாள எண்ணுவோம். எண்ணி முடிச்சிட்டு, தப்பா எண்ணிட்டமோன்னு திரும்ப எண்ணுவோம். ஒரு நாள்கூட எண்ணாம போகலக்கா."

"இதெல்லாம் ஏன்டா முன்னாடியே சொல்லல?" என்றேன்.

"யாரு கேட்டா?" என்றான். கோபமாகச் சொல்லவில்லை.

பஸ் திருக்கோகர்ணத்துக்குள் நுழைந்திருந்தது. நான் இறங்க வேண்டும், அவர்கள் புதுக்கோட்டை பஸ் ஸ்டாண்டு போய் வண்டி மாற வேண்டும். முன்னாலிருந்து அம்மா திரும்பி, "எறங்குடி, ஸ்டாப்பு வந்துருச்சு" என்று கத்தினாள். அவள் முகத்தில் அவ்வளவு சந்தோஷம், பார்க்கவே பொறுக்கவில்லை. நான் எழுந்தேன். தம்பி என் புடவை நுனி சீட்டுக் கம்பியில் மாட்டிக்கொண்டதை எடுத்துவிட்டான்.

"அம்மா கணக்குல சேக்க மாட்டேங்குது" என்றான். "மாமாவும் சேக்க மாட்டாரு. அந்தப் புள்ளகிட்ட இனிமே நானும் சொல்ல முடியாது. கதையிலயாச்சும் எண்ணுக்கா."

கண்டக்டர் விசில் கொடுத்துவிட்டார். சரி என்று சொல்லக்கூட நேரமில்லாமல் இறங்கினேன்.